படமா, குரூப் போட்டோவா?

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதிக்கொள்வது. நீயும் உன் வீட்டாரும் நல்ல உடம்போடும் நல்ல மனதோடும் இருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டுதான் பேனாவைத் திறந்தேன். இங்கே நாங்கள் மூவரும் சுகம். உன் அத்தானுக்கு மேலுதட்டில் மட்டும் கொஞ்சம் தோல் உரிந்திருக்கிறது. பயப்படும்படி ஒன்றுமில்லை. அது எப்படி என்று பிறகு சொல்கிறேன்.

உன் செய்தி கிடைத்தது. "என் பம்பு கம்பெனியில் கணக்குப் பிரிவு நாற்காலியை உன் மகளுக்காகக் காலியாக வைத்திருக்கிறேன். மாதக் கடைசிக்குள் வருவாளா, மாட்டாளா? ஒரே வார்த்தையில் பதில் சொல்" என்று கேட்டிருந்தாய். ஒரே வார்த்தையில் பதில் சொல்லும் பழக்கம் இருந்திருந்தால் நான் ஆசிரியையாகப் போயிருக்க மாட்டேன். போனில் பேசலாம் என்றால், நான் விஷயத்துக்கு வருவதற்குள் நீ "சரிக்கா, சரிக்கா" என்று வைத்துவிடுவாய். கடிதம் என்றால் நீ எத்தனை தடவை "சரிக்கா" சொன்னாலும் அது பாட்டுக்குப் பேசிக்கொண்டே இருக்கும். ஆகவே வாசலைச் சாத்திவிட்டு, ஒரு டீ போட்டு வைத்துக்கொண்டு, உட்கார்ந்து படி.

முதலில் சோபா விஷயத்தைத் தீர்த்துவிடுகிறேன். போன முறை நீ வந்தபோது, உட்காரப் போன உன்னை உன் மருமகள், அதுதான் என் மகள், "மாமா, அதுல உட்காராதீங்க!" என்று கத்தி நிறுத்தினாள். நீ அந்தரத்திலேயே திரும்பி, செருப்பை மாட்டிக்கொண்டு, வைத்த டீயைத் தொடாமல் போய்விட்டாய். "அக்கா வீட்டுல எனக்கு உட்கார இடமில்லையா?" என்று நீ வாசலில் நின்று கேட்டது தெருமுனை வரை கேட்டது. உன் கோபம் நியாயம்தான். ஆனால் அவள் பக்கத்தையும் கேள். அந்தச் சோபாவின் வலது மூலையில் ஒரு பள்ளம் இருந்தது. முந்தின ஞாயிற்றுக்கிழமை கதாநாயகன் உட்கார்ந்து எழுந்த பள்ளம். காட்சி பாதியில் நின்றுவிட்டது. அடுத்த ஞாயிறு அதே பள்ளத்திலிருந்து தொடர வேண்டும். இதைச் சினிமாக்காரர்கள் கண்டின்யுட்டி என்கிறார்கள். ஓர் உதாரணம் சொல்கிறேன். நேற்றைக்குக் கரும்பலகையில் பாதி போட்ட கணக்கை இன்றைக்குத் தொடர வேண்டுமானால், இடையில் யாரும் பலகையைத் துடைக்கக் கூடாது அல்லவா? எங்கள் வீடு முழுவதும் அப்படி ஒரு கரும்பலகையாக இருந்தது. சுவர்க் கடிகாரத்துக்கு பேட்டரி போடக் கூடாது. காலண்டரில் தேதி கிழிக்கக் கூடாது. மேஜையில் பாதி குடித்த தண்ணீர் டம்ளர் பாதியாகவே இருக்க வேண்டும். வெயில் காலத்தில் அது குறையும். குறையக் குறைய நான் ஊற்றுவேன். நீ மட்டும் அன்றைக்கு உட்கார்ந்திருந்தால் அந்தப் பள்ளம் கதாநாயகனுடையதாக இருந்திருக்காது. உன் உடம்பு அப்படி. அக்கா சொன்னால் கோபித்துக்கொள்ளக் கூடாது.

ஒரு காட்சி ஏன் ஒரு ஞாயிற்றிலிருந்து அடுத்த ஞாயிற்றுக்குப் போகிறது என்று நீ கேட்பாய். நம் நாட்டில் நேற்றுவரை சினிமா என்றால் வெளியிலிருந்து டப்பாவில் வந்து இறங்குவது. நாமே எடுப்பது என்று ஆரம்பித்து எத்தனை காலம் ஆகிறது? அதுவும் இப்போதுதான் கொஞ்சம் வேர் பிடித்து, வருஷத்துக்கு ஒன்றிரண்டு என்று இருந்தது, இன்று பேப்பரைத் திறந்தால் ஏதாவது ஒரு புதுப் படத்துக்குப் பூஜை போட்டார்கள் என்று செய்தி வருகிறது. நடிப்பையே தொழிலாக வைத்திருப்பவர் இன்னும் யாரும் இல்லை. எங்கள் படத்தின் கதாநாயகன் வார நாட்களில் பல் டாக்டர். கதாநாயகி தபால் அலுவலகக் கவுன்டரில் இருப்பவள். டைரக்டர் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்தவர். எதை எடுத்தாலும் "ஒன்மோர்" என்பதால் அவருக்கு ஒன்மோர் என்றே பெயராகிவிட்டது. கல்யாணத்திலேயே மாப்பிள்ளையிடம், "மோதிரத்தைக் கழட்டிட்டு ஒன்மோர்" என்று கேட்டவர் அவர். எல்லோரும் ஞாயிற்றுக்கிழமைதான் நடிகர்கள். அதிலும் பல் டாக்டர் கண்ணில் நீர் தளும்ப வசனம் பேசிக்கொண்டிருக்கும்போது, கன்னத்தைப் பிடித்துக்கொண்டு யாராவது கேட்டைத் திறந்து வந்துவிடுவார்கள். "டாக்டர் இங்கதான் இருக்காருன்னு சொன்னாங்க." அவரும் பாவம், அழுத கண்ணோடு வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்து அனுப்புவார். எங்கள் வீட்டு முற்றத்தில் ஒரு கடைவாய்ப் பல்லே பிடுங்கப்பட்டிருக்கிறது.

சரி, இதில் உன் மருமகளுக்கு என்ன வேலை? "தயாரிப்பாளர்னா பணம் போடறவங்கதானே, அவகிட்ட ஏது பணம்?" என்று நீ உன் மனைவியிடம் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். இதற்கும் உதாரணம் உண்டு. நம் பள்ளி ஆண்டு விழா நாடகத்தை நினைத்துக்கொள். மேடையில் ராஜா இருப்பான், மந்திரி இருப்பான். மேடைக்குப் பின்னால் வாயில் நாலு ஊக்கைக் கவ்விக்கொண்டு ஒரு டீச்சர் நிற்பாள். ராஜாவின் கிரீடம் கழன்றால் அவள்தான் குத்துவாள், மந்திரி வாந்தி எடுத்தால் அவள்தான் துடைப்பாள், மைக் கூவினால் ஹெட்மாஸ்டர் அவளைத்தான் முறைப்பார். கடைசியில் கைதட்டல் ராஜாவுக்கு. அந்த ஊக்கு டீச்சர்தான் தயாரிப்பாளர். நான் நெடுங்காலம் ஊக்கு டீச்சராக இருந்தவள், அதனால் எனக்குத் தெரியும்.

அவள் இதைக் கற்றதும் சும்மா இல்லை. வெளிநாட்டுக் கம்பெனி ஒன்று நம் மலையை வேறு ஏதோ நாட்டு மலை என்று காட்டுவதற்காக இங்கே வந்தபோது, அவர்களுக்கு வழி காட்டப் போனாள். குதிரை வேண்டுமென்றால் குதிரை, ஏணி வேண்டுமென்றால் ஏணி, மழை வேண்டாமென்றால் அதற்கு ஒரு தார்ப்பாய், எல்லாம் பிடித்துக் கொடுத்தாள். திரும்பி வந்து, "அம்மா, நம்ம மலையை நம்ம மலைன்னே காட்டினா என்ன?" என்றாள். அவ்வளவுதான், பார்த்துக்கொண்டிருந்த வேலை போயிற்று. முதல் படத்தில் ஒன்மோர் கல்யாணப் பழக்கத்தில் எல்லோரையும் கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லிவிட்டார். அது துக்கப் படம். இரண்டாவது படத்தில் பக்கத்து வீட்டு நாய் எல்லா வசனத்திலும் குரைத்துவிட்டது. "படம் முழுவதும் குரைத்தும் ஒருமுறைகூடக் கண்ணில் படாத நாய், மனசாட்சியின் ஆழமான குறியீடு" என்று ஒரு விமர்சகர் எழுதினார். உன் மருமகள் அதை வெட்டி வைத்துக்கொண்டாள். ஆனால் விமர்சகரைத் தவிர தியேட்டரில் வேறு யாரும் இல்லை. அன்றைக்குத்தான் அவள் அப்பாவிடம் தானாகவே வந்து சொன்னாள்: "இன்னும் ஒரே ஒரு படம்பா. இதுவும் நிக்கலேன்னா மாமா கம்பெனிக்குப் போயிடறேன். கேட்கவே வேண்டாம், நானே போயிடறேன்." உன் அத்தான் பேப்பரிலிருந்து தலையை நிமிர்த்தாமல், "சரிம்மா" என்றார். எனக்குத்தான் அது பிடிக்கவில்லை. உன் பம்பு கம்பெனியைக் குறை சொல்லவில்லை. ஆனால் அவள் "போயிடறேன்" என்று சொன்ன குரல் எனக்குத் தெரியும். நல்லாப் படிக்கிற பிள்ளை, வீட்டில் நிறுத்திவிட்டார்கள் என்று டி.சி. வாங்க வரும் பாரு, அந்தக் குரல்.

ஆக, மூன்றாவது படம். வெளிநாட்டுக்கு வேலைக்குப் போகிற மகன், வீட்டில் தங்கிவிடுகிற அப்பா, அவ்வளவுதான் கதை. அப்பாவாக நடிக்க ஓய்வுபெற்ற நாடகக்காரர் ஒருவரைப் பேசி வைத்திருந்தார்கள். முதல் நாள் எங்கள் வீட்டு முற்றத்தில் பல் டாக்டர் சோகமாக நின்று வானத்தைப் பார்க்கிறார். எல்லோரும் மூச்சுகூட விடவில்லை. அப்போது உன் அத்தான், கட்டம் போட்ட சட்டையோடு, வாளியைத் தூக்கிக்கொண்டு, கேமராவுக்கு முன்னால் நேரே நடந்து வந்து, சொட்டிக்கொண்டிருந்த குழாயை இறுக்கி மூடிவிட்டு, பல் டாக்டரை மேலும் கீழும் பார்த்துவிட்டு, உள்ளே போய் விளக்கையும் அணைத்தார். அவர் குணம்தான் உனக்குத் தெரியுமே. குழாய் சொட்டக் கூடாது, ஆளில்லாத அறையில் விளக்கு எரியக் கூடாது. கல்யாணமான புதிதில் நான் குளித்துக்கொண்டிருக்கும்போதே வெளியிலிருந்து விளக்கை அணைத்தவர். நான் தலையில் கை வைத்துக்கொண்டேன். ஒன்மோர் என்ன செய்தார் தெரியுமா? வாழ்க்கையில் முதல் தடவையாக "ஓகே" என்றார். நாடகக்காரரைக் கெஞ்சிக் கூத்தாடி வேறு வேஷத்துக்கு மாற்றினார்கள். உன் அத்தான் அப்பாவாகிவிட்டார். "எனக்கு நடிக்கத் தெரியாதுங்க" என்றார். "அதனாலதாங்க" என்றார் ஒன்மோர்.

இதில் நான் மட்டும் தலை காட்டவில்லை. தலை காட்டவும் மாட்டேன். இந்த வயதில் முகத்தில் மாவு பூசிக்கொண்டு நிற்க எனக்கு என்ன தலையெழுத்தா என்று அன்றைக்கே கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன். எனக்குக் கொடுத்த வேலை சத்தம் அடக்குவது. அது எனக்குப் பழகின வேலை.

எல்லாம் நன்றாகப் போய்க்கொண்டிருந்தபோதுதான் பஸ் நிலையக் காட்சி வந்தது. மகனை வழியனுப்பும் இடம். பெரிய கூட்டம் வேண்டும். கூட்டத்துக்குக் கூலி கொடுக்க வழியில்லை. உன் மருமகள் யோசித்து யோசித்து, "வந்து நிக்கிற ஒவ்வொருத்தருக்கும் கூலிக்குப் பதிலா படத்துக்கு ஒரு பாஸ்" என்று அறிவித்தாள். கெட்டிக்காரப் பிள்ளை என்று நானும் தட்டிக்கொடுத்தேன். விடுமுறை நாளா, ஊர் முழுவதும் வந்துவிட்டது. நிஜமாகவே ஊர் முழுவதும். பஸ் நிலையத்தில் நிற்க இடமில்லாமல் நிஜப் பயணிகள் வெளியே நின்றார்கள். அவர்களும் அப்புறம் பாஸ் கேட்டார்கள். எடுத்துக்கொண்டிருக்கும்போதே மழை கொட்டி, பாதியில் நின்றது. அடுத்த வாரம் எல்லோரும் அதே உடையில் அதே இடத்தில் வந்து நிற்க வேண்டும், கண்டின்யுட்டி. எல்லோரும் வந்தார்கள். ஆனால் முதல் வாரம் நிறைமாதமாக முன்வரிசையில் நின்ற ஒரு பெண், அடுத்த வாரம் கைக்குழந்தையோடு வந்து சரியாக அதே இடத்தில் நிற்கிறாள். "இடம் மாறக் கூடாதுன்னு சொன்னீங்களே" என்கிறாள். ஒன்மோர் தரையில் உட்கார்ந்துவிட்டார். ஊக்கு டீச்சரின் மகள் சளைப்பாளா? பக்கத்துக் கடையிலிருந்து ஒரு தலையணையை வாங்கி, அவள் வயிற்றில் கட்டி, நாலு ஊக்குக் குத்தி, குழந்தையை என் கையில் கொடுத்துவிட்டு, கேமராவை ஓடவிட்டாள். நான் ஒரு கையால் குழந்தையைத் தட்டிக்கொண்டு, மறு கையை உதட்டில் வைத்து ஊரையே அடக்கினேன். கூட்டத்தில் பாதி என்னிடம் படித்ததுகள். தொப்பை வைத்த ஆம்பளைகள்கூட என்னைப் பார்த்ததும் கையைக் கட்டிக்கொண்டார்கள். அப்புறம் ஒன்மோர் வந்து, "டீச்சர், இது வழியனுப்புற கூட்டம், பிரேயர் இல்லை, கொஞ்சம் கையை ஆட்டச் சொல்லுங்க" என்று கும்பிட்டார். அந்தக் குழந்தைக்கும் ஒரு பாஸ் கொடுத்தாள் உன் மருமகள். கொடுத்த வார்த்தை கொடுத்த வார்த்தைதான்.

இனி உதட்டுக் கதை. கடைசிக் காட்சிக்கு முதல் நாள் உன் அத்தான் முடி வெட்டப் போனார். கடைக்காரர் பேச்சுக் கொடுத்துக்கொண்டே மீசையையும் எடுத்துவிட்டார். இவரும் படப் பேச்சு சுவாரசியத்தில் கவனிக்கவில்லை. வீட்டுக்குள் நுழைந்த மனிதரைப் பார்த்து உன் மருமகள், "யாருங்க வேணும்?" என்றாள், தம்பி. சொந்த அப்பாவை. பிறகு அடையாளம் தெரிந்து அழ ஆரம்பித்தாள். நாடகக்காரர்தான் கை கொடுத்தார். தன் பெட்டியிலிருந்து ஒரு ஒட்டு மீசையை எடுத்து, ஏதோ ஒரு பசையைத் தடவி ஒட்டினார். பார்ப்பதற்கு அசல். ஆனால் வாயைத் திறந்தால் ஒரு பக்கம் கிளம்பிவிடுகிறது. ஆகவே கடைசிக் காட்சியில் இருந்த வசனத்தை எல்லாம் வெட்டிவிட்டார்கள். பட்டப்பகலில், ஊரிலுள்ள போர்வைகளை எல்லாம் இரவல் வாங்கி ஜன்னலில் கட்டி, ராத்திரி ஆக்கினார்கள். மகன் போய்விட்டான். அப்பா குழாயை மூட வேண்டும், சமையலறை விளக்கை அணைக்க வேண்டும், வாசல் விளக்கை அணைக்க வேண்டும், போய்ப் படுக்க வேண்டும், படம் முடிந்தது. இவ்வளவுதான் எழுதி வைத்திருந்தது.

இவர் குழாயை மூடினார். சமையலறை விளக்கை அணைத்தார். வாசல் விளக்கின் சுவிட்சுக்குக் கையைக் கொண்டுபோனார். கை அங்கேயே நின்றது. பிறகு மெதுவாகக் கையை எடுத்துக்கொண்டு, விளக்கை எரியவிட்டு, உள்ளே போய்விட்டார். "சார், அணைக்கணும் சார், ஒன்மோர்" என்றார் டைரக்டர். மறுபடியும் அதே. மூன்றாம் முறையும் அதே. உன் மருமகளுக்குப் பொறுமை போய்விட்டது. போர்வைக்காரர்கள் போர்வையைக் கேட்டு வாசலில் நிற்கிறார்கள். "அப்பா, வாழ்நாள் பூரா இந்த வீட்டுல அணைச்சுக்கிட்டே இருந்தீங்களே, இன்னைக்கு மட்டும் என்னப்பா?" என்று கத்தினாள்.

உன் அத்தான் திரும்பினார். "பிள்ளை இன்னும் வீட்டுக்கு வரலியேம்மா. எப்படி அணைக்கிறது?" என்றார்.

சொல்லும்போதே மீசை கழன்று கீழே விழுந்தது. ஒருத்தரும் சிரிக்கவில்லை. உன் மருமகள் சுவிட்சையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் படப்பிடிப்பு, படப்பிடிப்பு என்று நேரங்கெட்ட நேரத்தில் வீடு திரும்பிய காலமெல்லாம் வாசல் விளக்கு எரிந்துகொண்டிருக்கும். "அப்பாவுக்கு மறதி வந்துடுச்சு, இது ஒண்ணை மட்டும் விட்டுடறார்" என்று அவளே என்னிடம் சொல்லியிருக்கிறாள். ஒன்மோர், "மீசையை ஒட்டுங்க. அணைக்க வேண்டாம். அப்படியே எடுத்துடலாம்" என்றார். பசையைத் தடவி மறுபடி மறுபடி ஒட்டியதில்தான் தோல் உரிந்தது; படம் வெளியாகியும் இன்னும் முழுசாக ஆறவில்லை.

படம் வெளியான நாள். பெரிய தியேட்டர். வாசலில் ஜே ஜே என்று கூட்டம். என் நெஞ்சு பூரித்துப் போயிற்று. தியேட்டர்க்காரர் படியில் நின்று கையைத் தேய்த்துக்கொண்டிருந்தார். எப்போதும் புளித்த முகம் வைத்திருக்கிற மனிதர், அன்று பல் தெரிந்தது. கதவு திறந்தது. முதல் ஆள் பாஸை நீட்டினார். இரண்டாவது ஆள் பாஸ். குடும்பம் குடும்பமாகப் பாஸ். தலையணைப் பெண், இடுப்பில் குழந்தை, கையில் இரண்டு பாஸ். ஊர் முழுவதும் நடித்திருந்தால் டிக்கெட் வாங்க ஊரில் யார் மிச்சம்? அன்றைக்கு அந்தத் தியேட்டரில் காசு கொடுத்து டிக்கெட் வாங்கிய ஒரே ஆள் நான்தான், தம்பி. நான்தான் நடிக்கவில்லையே. கவுன்டரில் இருந்தவர் டிக்கெட்டைக் கிழித்துக் கொடுக்கும்போது என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

உள்ளேயாவது படம் பார்த்தார்களா? பஸ் நிலையம் வரும்வரை பேச்சு. பஸ் நிலையம் வந்ததும் எல்லோரும் எழுந்து நின்றுவிட்டார்கள். "அதோ நான்!" "என் முதுகு, என் முதுகு!" "உன் தலை மறைக்குதுடா, அங்கயும் மறைக்குது, இங்கயும் மறைக்குது!" உன் அத்தான் சுவிட்சில் கை வைக்கும் இடத்தில் தியேட்டர் முழுக்க, பஸ் நிலையத்தில் தெரிந்த முதுகு அண்ணனுடையதா தம்பியுடையதா என்று சண்டை. படம் முடிந்ததும் விசில் பறந்தது. உன் மருமகள் வெளிறிப்போய் வெளியே வந்தாள். தியேட்டர்க்காரரின் முகம் பழையபடி புளித்திருந்தது. ஆனால் கெட்ட மனிதர் இல்லை. தன்மையாகத்தான் சொன்னார்: "அம்மா, மனசுல வெச்சுக்காதீங்க. இது படம் இல்லைம்மா. குரூப் போட்டோ. அவனவன் அவனவனைப் பார்க்க வந்தான்."

அவள் வீட்டுக்கு வந்து உன் கம்பெனிக்குப் போட்டுக்கொண்டு போவதற்கு ஒரு சட்டையை எடுத்துத் தேய்த்து மாட்டினாள். அதை ஏன் கேட்கிறாய், நான் சமையலறையில் போய் நின்றுகொண்டேன். ஆனால் மறுநாள் காலையில் தியேட்டர்க்காரரிடமிருந்து போன். "அம்மா, நேத்து வந்தவங்கள்ல கொஞ்சம் பேரு திரும்ப வந்து நிக்கிறாங்க. காசு குடுத்து. நேத்து தங்களைத் தேடினதுல கதையைப் பார்க்கலையாம்." இரண்டாம் நாள் கொஞ்சம், மூன்றாம் நாள் இன்னும் கொஞ்சம். உன் மருமகள் மட்டும் அசையவில்லை. "அது எல்லாம் தெரிஞ்சவங்கம்மா. அப்பாவைத் தெரியும், உன்னைத் தெரியும். யாரையும் தெரியாத ஊர்ல ஓடணும். அப்பதான் படம்" என்றாள். தியேட்டர்க்காரரும் அதையேதான் சொன்னார். மலைக்கு அந்தப் பக்கத்து ஊரில் அவர் மச்சானுக்கு ஒரு தியேட்டர் இருக்கிறது. "அங்கே ஒருநாள் போடறேன். அங்கே உட்கார்ந்தாங்கன்னா எல்லா ஊருக்கும் நான் பொறுப்பு. எழுந்து போயிட்டாங்கன்னா என்னை விட்டுடணும்" என்றார். நல்ல பரீட்சைதான். சொந்த டீச்சர் பேப்பர் திருத்தக் கூடாது என்பது எனக்குத் தெரியாதா?

நானும் அவளும் பஸ் ஏறினோம். உன் அத்தான், "உதடு எரியுது, நான் வரலை" என்று தங்கிவிட்டார். அவள் தியேட்டர் வரை வந்தவள் உள்ளே வர மறுத்துவிட்டாள். "நீ போய்ப் பாரும்மா, எழுந்து போனாங்கன்னா எண்ணாதே, வந்துடு" என்று வெளிப்படியில் உட்கார்ந்துகொண்டாள். நான் தனியாக உள்ளே போனேன். பாதி அரங்குதான். ஒரு முகமும் தெரிந்த முகம் இல்லை. முன்னால் ஒருவர் போனில் பேசிக்கொண்டிருந்தார். என் பக்கத்தில் ஒரு பெண்மணி, அந்தப் பக்கம் அவள் புருஷன். உன் அத்தான் வாளியோடு வந்து குழாயை மூடினார். அந்தப் பெண்மணி புருஷனை முழங்கையால் இடித்தாள். "நம்ம வீட்டுலயும் ஒண்ணு இருக்கே" என்றாள். பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். போன் பேசியவர், "அப்புறம் பேசறேன்" என்று வைத்தார். பஸ் நிலையம் வந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். ஒருவரும் எழுந்திருக்கவில்லை, யாரும் யாரையும் காட்டவில்லை. அத்தனை பெரிய கூட்டத்தில் அவர்கள் மகனாக நடித்த பல் டாக்டரைத்தான் பார்த்தார்கள், தம்பி. வழியனுப்ப வந்த அப்பாவைத்தான் பார்த்தார்கள்.

கடைசியில் கை சுவிட்சுக்குப் போயிற்று. நின்றது. திரும்பியது. பக்கத்துப் பெண்மணி, முன்பின் தெரியாத என் கையைப் பிடித்து நெரித்துவிட்டாள். "அணைக்கலை பாருங்க... அணைக்கலை" என்கிறாள், மூக்கை உறிஞ்சிக்கொண்டே. அது என் வீட்டுக்காரர், அந்த மீசை ஒட்டு மீசை, அந்த விளக்கு என் வாசல் விளக்கு என்று எனக்கு நாக்கு நுனி வரை வந்தது. வகுப்பை அடக்கியது பெரிதில்லை, அன்றைக்கு என் வாயை அடக்கியதுதான் பெரிது. "ஆமாம்மா, அணைக்கலை" என்று மட்டும் சொன்னேன்.

வெளியே படியில் உன் மருமகள் நகத்தைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் சொல்வதற்கு வாயைத் திறந்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை. எனக்குப் பின்னால் பார்த்தாள். தியேட்டர் சுவரோரம் கை கழுவும் குழாய் ஒன்று சொட்டிக்கொண்டிருந்தது. படம் முடிந்து வந்தவர்களில் ஒருவர் அதை மூடப் போனார். அதே நேரத்தில் இன்னொரு பக்கத்திலிருந்து இன்னொருவரும் போனார். போன் பேசிய ஆளும் வந்தார். மூன்று பேரும் குழாயண்டை முட்டிக்கொண்டு, ஒருவரை ஒருவர் பார்த்து அசட்டுத்தனமாகச் சிரித்தார்கள். உன் மருமகள் எழுந்து நின்று, என் தோளைப் பிடித்து உலுக்கி, "அம்மா, படம்மா! இது படம்மா!" என்று கத்தினாள். நானும் கத்தினேன். ஓய்வுபெற்ற ஆசிரியை தெருவில் நின்று கத்தலாமா என்று கேட்காதே, கத்தினேன். தியேட்டர்க்காரர் போனில் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "எழுந்தாங்களா?" "விளக்கு போட்டும் எழுந்திருக்கலையாம், அம்மா சொன்னாங்க" என்றாள் அவள். இப்போது எல்லா ஊரிலிருந்தும் படப் பெட்டி கேட்கிறார்கள். நம் நாட்டுப் படத்துக்கு என்று மாதத்தில் ஒரு வாரம் ஒதுக்கப் போகிறேன் என்று தியேட்டர்க்காரர் பேப்பரில் பேட்டியே கொடுத்துவிட்டார். விமர்சகர் உன் அத்தானின் "உதடு அசையாத மௌன நடிப்பை" ஒரு பத்தி புகழ்ந்திருக்கிறார். பசையைப் பற்றி நாங்கள் மூச்சு விடவில்லை.

பஸ்ஸில் இரவு முழுக்கப் பேசிக்கொண்டே வந்து, விடிந்து வெயில் ஏறிய பிறகு வீட்டை அடைந்தோம். பளீரென்ற பகலில் வாசல் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. "என்னங்க, மறந்துட்டீங்களா?" என்றேன். "ஆமா, மறந்துட்டேன்" என்று சொல்லிவிட்டு, நாங்கள் இருவரும் உள்ளே வந்ததும் போய் அணைத்தார்.

ஆகவே தம்பி, உன் கேள்விக்குப் பதில்: வரமாட்டாள். நீ அன்போடு காலியாக வைத்திருந்தாய், அதை நான் மறக்க மாட்டேன். ஆனால் அந்த நாற்காலியைத் தகுதியான வேறு ஒருவருக்குக் கொடுத்துவிடு. சினிமா எங்கள் வீட்டை விட்டு வெளியே போய்விட்டது. கடிகாரத்துக்கு பேட்டரி போட்டாயிற்று, சோபாவைத் தட்டிப் பள்ளத்தை நிமிர்த்தியாயிற்று. இனி நீ வந்து எந்த மூலையில் வேண்டுமானாலும், எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் உட்காரலாம். உன் மனைவிக்கு என் அன்பு. பிள்ளைகள் நன்றாகப் படித்து, நன்றாகச் சாப்பிட்டு, நீண்ட ஆயுளோடு இருக்கட்டும். உன் பம்புகள் எல்லா ஊரிலும் தடையில்லாமல் தண்ணீர் இறைக்கட்டும்.

என்றும் உன் நலம் நினைக்கும்,
அக்கா

பின்குறிப்பு: மேலே எழுதியதை எல்லாம் அடித்துவிடு. உறையை ஒட்டப் போகும் நேரத்தில் உன் மருமகள் வந்து கடிதத்தைப் பிடுங்கிப் படித்துவிட்டு, "ஐயோ, நாற்காலியை வேற யாருக்காவது குடுத்துடப் போறாரும்மா!" என்று குதிக்கிறாள். ஒன்றாம் தேதி வேலைக்கு வருகிறாளாம். அடுத்த படத்தின் கதை பம்பு கம்பெனியில் நடக்கிறதாம். அங்கேயே உட்கார்ந்து பார்த்தால்தான் சரியாக வருமாம். ஒன்மோரும் கூட வருகிறார். அதுவரை கம்பெனியில் ஒரு பொருளையும் நகர்த்தாதே, சுவருக்குச் சுண்ணாம்பு அடிக்காதே, உன் மீசையில் கை வைக்காதே. உன் ஆட்கள் எல்லோருக்கும் பாஸ் உண்டு. முதலாளியின் அக்காவாக நான் நடிக்கிறேன். மாவு லேசாகத்தான் பூசுவார்களாம். முதலாளி நீதான். கூச்சப்படாதே, உனக்கு வசனமே கிடையாது. அக்கா வீட்டு சோபாவில் உட்காரப் போய், பாதியில் எழுந்து, கோபித்துக்கொண்டு வாசலைத் தாண்டிப் போக வேண்டும், அவ்வளவுதான். ஒத்திகை தேவையில்லை என்று சொல்லிவிட்டேன்.